முதுச வழக்கிலே உறவுமுறையை நிறுவுதல்

தந்தை இன்னார், தாய் இன்னார், உடன்பிறந்தோர் இத்தனை பேர் என்பதை ஒருவன் தன் வீட்டிலே நிரூபிக்க வேண்டியதில்லை. கலியாணத்துக்குச் சொல்லி அனுப்பும் முறையிலும், துடக்குக் காக்கும் முறையிலும், கொள்ளி வைக்கும் உரிமையிலும் உறவு தானாகவே விளங்கிக் கிடக்கின்றது. ஆயின், மரணசாசனம் எழுதாது ஒருவர் இறந்து, அவர் விட்டுச்சென்ற காணியைப் பங்கிடும் வேளை வந்துவிட்டால், அதே உறவு வழக்குப் பொருளாகிவிடுகின்றது. நேற்றுவரை சிற்றப்பன் மகன் என்று அழைக்கப்பட்டவன் இன்று யாரென்றே தெரியாதவனாகின்றான். அப்பொழுது நீதிபதி கேட்பது, “உனக்குத் தெரியுமா?” என்பதன்று, “உனக்கு எப்படித் தெரியும்?” என்பதே. அவ்வினாவுக்கு இலங்கைச் சட்டம் எவ்வகை விடைகளை ஏற்றுக்கொள்கின்றது என்பதை மாணவர்க்கும் பழைய மாணவர்க்கும் பயன்படுமாறு சுருக்கமாக ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

மடவளையும் அதன் சட்டங்களும்

இப்பொருளை ஆராய்வதற்குக் கண்டியை அடுத்த மடவளையைப் போன்ற ஓரிடம் மிகவும் வாய்ப்பானது. பாததும்பறைப் பகுதியில், கண்டியிலிருந்து வத்தேகாமம் செல்லும் வழியிலே உள்ள அவ்வூரின் கடைத்தெருவிலும் சுற்றிலும் முஸ்லிம் மக்கள் பெருந்தொகையாக வாழ்கின்றனர். அயற்கிராமங்களிற் கண்டிச் சிங்களவர் வாழ்கின்றனர். மலைத்தோட்டங்களை நாடி வந்த தமிழரும், வணிகத்தையும் உத்தியோகத்தையும் நாடி வந்த தமிழரும் இப்பகுதியிற் கலந்து வாழ்ந்துள்ளனர். ஒரே வேலியின் இருபுறத்தும் உள்ள இருவர் ஒரே நாளில் இறந்தாலும், அவர்தம் காணிகள் ஒரே சட்டப்படி இறங்குவதில்லை.

கண்டிச் சிங்களவர்க்குக் கண்டியர் சட்டம் உண்டு. அது 1938ஆம் ஆண்டின் 39ஆம் இலக்கக் கட்டளைச் சட்டத்தால் வரையறுத்துத் திருத்தப்பட்டது. முஸ்லிம்களுக்கு 1931ஆம் ஆண்டின் 10ஆம் இலக்கக் கட்டளைச் சட்டத்தின்படி, இறந்தவர் சார்ந்த மார்க்கப் பிரிவின் விதிகளே வழியுரிமையைத் தீர்மானிக்கும். யாழ்ப்பாணத்தாருக்குரிய தேசவழமையை நம் வாசகர் நன்கு அறிவர்; ஒல்லாந்தர் காலத்தில் 1706–1707இல் தொகுக்கப்பட்ட அவ்வழமை யாழ்ப்பாணத்து வாசிகளுக்கே உரியது. தமிழர் என்ற ஒரு காரணத்தால் மட்டும் அது ஒருவரைக் கண்டிவரை தொடர்ந்து வருவதில்லை. அவருடைய நிலையான வதிவிடம் எது என்பதே முதலில் ஆராயப்படும். தேசவழமைக்கு உட்படாத தமிழருக்கு 1876ஆம் ஆண்டின் 15ஆம் இலக்க விவாக உரிமை, வழியுரிமைக் கட்டளைச் சட்டமே பொருந்தும். அதன்படி, இறந்தவரின் மனைவிக்கோ கணவனுக்கோ பாதியும், பிள்ளைகளுக்கு மறுபாதி சமமாகவும் சேரும்.

ஆகவே, நிறுவ வேண்டிய உறவும் சட்டத்துக்குச் சட்டம் வேறுபடுகின்றது. கண்டியர் வழக்கிலே மகள் மகள்தானா என்பதோடு விசாரணை முடிவதில்லை. அவள் கணவன் வீடு சென்ற ‘தீக’ விவாகத்தாளா, கணவனைத் தன் வீட்டுக்கு வரவழைத்த ‘பின்ன’ விவாகத்தாளா என்பதும் ஆராயப்படும். ஏனெனில், தீக விவாகம் செய்தவள் பொதுவாகத் தந்தையின் முதுசத்தில் உரிமை இழந்துவிடுவாள். முஸ்லிம் வழக்கிலே மனைவி, மகன், மகள், சகோதரர் என ஒவ்வொருவரும் நிற்கும் படியைப் பொறுத்துப் பங்கு மாறும்; பிள்ளைகள் இருப்பின் மனைவிக்கு எட்டிலொன்று, இல்லையெனின் நாலிலொன்று. உறவுமுறையில் ஒரு படி பிசகினால் மற்றெல்லாரின் பங்கும் பிசகிவிடும்.

ஓர் உதாரணம்

விளங்கிக்கொள்ளும்பொருட்டுக் கற்பனையான ஓர் உதாரணத்தைக் கொள்வோம். மடவளைக்கு அண்மையில் மூன்று ஏக்கர் காணியை ஒரு தமிழ் வணிகர் 1920ஆம் ஆண்டளவில் உறுதி எழுதி வாங்கினார். அவருக்கு இரு ஆண்மக்களும் ஒரு பெண்ணும் பிறந்தனர். அவரும் மனைவியும் சாசனம் எழுதாது காலமாயினர். மூத்தமகன் காணியிலேயே குடியிருந்தான். மகள் மணமுடித்து அயலூர் சென்றாள். இளையமகன் ஒரு தேயிலைத் தோட்டத்தில் வேலைபெற்று, அங்கேயே மணமுடித்து, மனைவியையும் ஒரு மகனையும் விட்டு இறந்தான். 1964ஆம் ஆண்டு ஒக்டோபர் 30ஆந் திகதி சிறிமாவோ பண்டாரநாயக்கவும் லால் பகதூர் சாஸ்திரியும் செய்துகொண்ட உடன்படிக்கையின் பின்னர் அக்குடும்பம் இந்தியா சென்றுவிட்டது.

பல்லாண்டு கழித்து, மூத்தவனின் மக்கள் பாகப்பிரிவினை வழக்குத் தொடுக்கின்றனர். வழக்குரையோடு இணைத்த சந்ததிப் பட்டியலிலே இளையமகனின் பெயருக்கு எதிரே, “விவாகமின்றியும் சந்ததியின்றியும் இறந்தார்” என்று ஒரு வரி எழுதப்படுகின்றது. அவ்வரியின் விலை ஓர் ஏக்கர். மூவர்க்கும் ஒவ்வோர் ஏக்கராக இறங்க வேண்டிய காணி, இருவர்க்கும் ஒன்றரை ஏக்கராக இறங்கிவிடுகின்றது.

இது சாதாரண நட்டமன்று. பாகப்பிரிவினைச் சட்டம் 1863, 1951, 1977 ஆகிய ஆண்டுகளிற் புதிதாக இயற்றப்பட்டபோதெல்லாம் ஒரு கொள்கை தொடர்ந்து வந்துள்ளது: பங்கீட்டுத் தீர்ப்பு வழக்காளிகளை மட்டுமன்றி உலகத்தார் அனைவரையும் கட்டுப்படுத்தும். நில அளவையாளர் வரும்போது காணியிலே பறையறைவித்து அறிவித்தல் செய்யப்படும். ஆனால், அப்பறையின் ஓசை தமிழ்நாட்டிலே வாழும் பேரனுக்குக் கேட்பதில்லை. 1977ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின் 48ஆம் பிரிவின்படி, மிகச் சில விதிவிலக்குகள் நீங்கலாக, அவன் வழக்கில் இல்லாதிருந்தமையே தீர்ப்பைக் கவிழ்க்கப் போதிய காரணமாகாது. பொய்யுரைத்தவரிடம் நட்டஈடு கேட்கலாமேயன்றி, நிலம் பெரும்பாலும் போனது போனதுதான். 1983ஆம் ஆண்டு அறிக்கையிடப்பட்ட ‘சோமாவதி எதிர் மடவெல’ என்னும் வழக்கிலே (இங்கே மடவெல என்பது கட்சிக்காரர் பெயர், ஊர்ப்பெயரன்று), அடிப்படை அநீதி நேர்ந்தவிடத்து மேன்முறையீட்டு நீதிமன்றத்தின் மீளாய்வு அதிகாரம் இப்பிரிவினால் அற்றுப்போகவில்லை என்று உயர்நீதிமன்றம் காட்டியது. அஃது ஓர் ஆறுதலே. ஆயினும், அரிதான மருந்தை நம்பி எவரும் நோயை வரவழைப்பதில்லை.

செவிவழிச் செய்தியும் விதிவிலக்கும்

இனி, அப்பேரன் காலந்தாழ்த்தாது வந்து வழக்கிலே சேர்ந்துவிட்டான் எனக் கொள்வோம். அவன் தன்னை எவ்வாறு நிறுவுவான்?

முதற்சான்று பிறப்பு, விவாக, இறப்புப் பதிவுகளே. இலங்கையிலே பிறப்பு இறப்புகளைப் பொதுவாகப் பதிவுசெய்யும் ஏற்பாடு 1867இல் இயற்றப்பட்ட சட்டத்தோடு தொடங்கியது. ஆனால், எல்லாப் பிறப்பும் பதியப்படவில்லை. பதியப்பட்டவற்றிலும் பெயர்கள் பலவாறு திரிந்துள்ளன. ஒரே மனிதர் உறுதியிலே ஒரு பெயராலும், தோட்டத்து ஏட்டிலே இன்னொரு பெயராலும், மகனின் பிறப்புப் பதிவிலே வேறொரு பெயராலும் காணப்படுவது அரிதன்று. பதிவு இருந்தால் மட்டும் போதாது. பதிவிலுள்ளவரும் காணிக்காரரும் ஒருவரே என்பதும் நிறுவப்படல் வேண்டும்.

பதிவு இல்லாதவிடத்து வாய்ச்சாட்சி வரும். வாய்ச்சாட்சி நேரே கண்டதாயும் கேட்டதாயும் இருத்தல் வேண்டுமென்பது 1895ஆம் ஆண்டின் 14ஆம் இலக்கச் சாட்சியக் கட்டளைச் சட்டத்தின் பொதுவிதி. தன் பாட்டனின் விவாகத்தை எவன் நேரே கண்டிருப்பான்? இவ்விடர்ப்பாட்டை உணர்ந்தே சட்டம் உறவுமுறை விடயத்தில் ஒரு தனிவழியைத் திறந்துவைத்தது. அச்சட்டத்தின் 32ஆம் பிரிவின் 5ஆம் உட்பிரிவு, இறந்துபோன ஒருவர் பிறருடைய இரத்த உறவு, விவாக உறவு, சுவீகார உறவு ஆகியவை பற்றிக் கூறியதைச் சான்றாக ஏற்கின்றது. ஆனால் இரண்டு நிபந்தனைகள் உள. ஒன்று, கூறியவருக்கு அவ்வுறவை அறியும் தனி வாய்ப்பு இருந்திருத்தல் வேண்டும். மற்றையது, பிணக்கு எழுமுன்னரே அவர் அதைக் கூறியிருத்தல் வேண்டும்.

இரண்டாம் நிபந்தனையே இப்பொருளின் உயிர்நிலை எனலாம். பங்கு கேட்கும் காலத்தில் நாவுக்கு ஒரு திசை உண்டாகிவிடுகின்றது. பங்கைப் பற்றி எவரும் நினையாத காலத்தில், “இவன் என் தம்பி மகன்” என்று ஒருவர் சொல்லியிருந்தால், அச்சொல்லுக்கு அவரிடம் வேறு நோக்கம் இல்லை. ஆதலால், வழக்கின்போது உயிருள்ளோர் செய்யும் சத்தியத்தினும், வழக்குக்கு முன்னர் இறந்தோர் இயல்பாகச் சொன்ன சொல்லுக்குச் சில வேளை நிறை மிகுகின்றது.

சட்டத்திலேயே இதற்கு உதாரணங்கள் காட்டப்பட்டுள்ளன. மகன் பிறந்த செய்தியைத் தந்தை நண்பனுக்கு எழுதிய கடிதம் பிறந்த நாளுக்குச் சான்று. மகளின் விவாகத்தைத் தந்தை தன் குறிப்பேட்டில் எழுதிவைத்தது அவ்விவாகத்துக்குச் சான்று. அதே பிரிவின் 6ஆம் உட்பிரிவின்படி, குடும்ப விடயம் பற்றிய சாசனமும் உறுதியும், குடும்பத்துச் சந்ததி வரிசையும், கல்லறைக் கல்லில் வெட்டிய வாசகமும், குடும்பப் படத்தில் எழுதிய பெயரும் சான்றாகலாம். நம் வீடுகளில் இவற்றோடு சாதகக் குறிப்பும், அந்தியேட்டி அழைப்பும், கலியாணத்து மொய்யேடும் கிடக்கின்றன. எழுதியவர் யார், அவருக்கு அறிவு எவ்வாறு வந்தது, எழுதிய காலம் எது என்பவற்றைக் காட்ட முடியுமாயின் அவையும் பயன்படக்கூடியவையே.

50ஆம் பிரிவு இன்னொரு வழியைக் காட்டுகின்றது. குடும்பத்தவராயோ வேறு வகையாயோ உறவை அறியும் வாய்ப்புள்ள ஒருவர் தம் நடத்தையால் வெளிப்படுத்திய அபிப்பிராயமும் சான்றாகும். இலங்கைச் சட்டத்துக்கு முன்மாதிரியான இந்தியச் சாட்சியச் சட்டத்தின் இதே பிரிவை, 1959இல் ஒரிசாவிலிருந்து சென்ற ‘தோல்கோவிந்த பரிச்சா எதிர் நிமாய் சரண் மிஸ்ரா’ வழக்கிலே இந்திய உச்ச நீதிமன்றம் ஆராய்ந்தது. ஒரு பெண் இன்னாருடைய மகளா என்பதே அங்கு மூலவினா. ஊர்ப்பேச்சைத் திருப்பிச் சொல்வது இப்பிரிவின்கீழ் வரும் அபிப்பிராயமன்று. உறவினனாக நம்பி ஒருவர் நடந்துகொண்ட நடத்தையே வேண்டும். அந்நடத்தையும் நேர்ச்சாட்சியால் நிறுவப்படல் வேண்டும் என்பது அங்கு விளக்கப்பட்டது. “அவர் மகன் என்று எல்லாரும் சொல்வர்” என்பது வெறும் பேச்சு. “பெரியப்பாவின் மரணச் சடங்கில் இவனைப் பேரன் முறையில் நெய்ப்பந்தம் பிடிக்க நிறுத்தினார்கள், நான் கண்டேன்” என்பது சான்று.

நம் உதாரணத்துப் பேரனுக்கு மலைநாட்டு வரலாறே ஓர் ஆவணத்தைத் தந்திருக்கக்கூடும். 1949ஆம் ஆண்டின் 3ஆம் இலக்க இந்திய, பாக்கிஸ்தானிய வதிவாளர் பிரசாவுரிமைச் சட்டத்தின்கீழ்ப் பெருந்தொகையான தோட்டக் குடும்பங்கள் விண்ணப்பித்தன. விண்ணப்பத்திலே மனைவி, பிள்ளைகள் விபரமும் கேட்கப்பட்டது. 1964 உடன்படிக்கையின்கீழ்ச் சென்றோரின் பயணப் பத்திரங்களும் குடும்பமாகவே எழுதப்பட்டன. மடவளைக் காணியை மனத்திற் கொள்ளாது, வேறொரு தேவைக்காக, பிணக்குக்கு நெடுநாள் முன்னர் தந்தை எழுதிய கூற்று அது. நாடற்றவர் என்று ஒதுக்கப்பட்ட காலத்திலே நிரப்பிய தாள், காணியற்றவர் என்று ஒதுக்கப்படாமற் காப்பதற்கு இன்று உதவலாம்.

இரத்தம் மட்டும் போதுமா?

இன்ன தந்தையின் மகன் என்று காட்டிவிட்டால் வழக்கு முடிந்தது என்று எண்ணலாகாது. பொதுச்சட்டத்தின்படி, முறையான விவாகத்திற் பிறவாத பிள்ளை சாசனமின்றி இறந்த தந்தையின் வழியுரிமையைப் பெறுவதில்லை. கண்டியர் சட்டம் இதில் வேறு. அத்தகைய பிள்ளைக்குத் தந்தையின் முதுசத்தில் உரிமை இல்லையாயினும் தேடிய தேட்டத்தில் இடமுண்டு. ஆகவே, தமிழ்ப் பேரன் தன் பெற்றோரின் விவாகத்தையும் நிறுவ வேண்டும். அவர்கள் விவாகம் பதியப்படாது, தாலி கட்டி முடிந்ததாயின்?

இங்கே இலங்கைச் சட்டம் பெருந்தன்மையோடு நடந்துகொள்கின்றது. ஆங்கில ஏடுகளில் ‘அரோனகரி எதிர் வைகாலி’ எனக் குறிக்கப்பட்ட 1881ஆம் ஆண்டு வழக்கிலே, கோமறைக் கழகமாகிய பிரிவிக் கவுன்சில் ஒரு விதியை நிலைநாட்டிற்று. ஓர் ஆணும் பெண்ணும் கணவன் மனைவியராக வாழ்ந்தமை நிறுவப்படின், மாறானது தெளிவாக நிரூபிக்கப்பட்டாலன்றி, அவர்கள் முறையான விவாகத்தின் பயனாகவே அவ்வாறு வாழ்ந்தனர் எனச் சட்டம் அனுமானிக்கும் என்பதே அவ்விதி. 1927இல் ‘தீனோகாமி எதிர் பாலகாமி’ வழக்கிலும் அது வலியுறுத்தப்பட்டது. டொன் அந்திரிசு என்பவரோடு பாலகாமி 20 ஆண்டுகள் ஒரே வீட்டில் வாழ்ந்தார். 8 பிள்ளைகள் பிறந்தனர். உறவினரையும் விருந்தினரையும் இருவரும் வீட்டுத்தலைவனும் தலைவியுமாக வரவேற்றனர். இவற்றை ஒருங்குநோக்கி அவர்கள் கணவன் மனைவியரே எனத் தீர்க்கப்பட்டது. விருந்தினரை வாசலில் நின்று வரவேற்பதுகூட ஒருநாள் பிள்ளைகளின் நிலத்தைக் காக்கும் சான்றாகலாம்.

முஸ்லிம் விவாகமும் பதியப்படாத காரணத்தால் மட்டும் செல்லாததாவதில்லை என்பது 1951ஆம் ஆண்டின் 13ஆம் இலக்க முஸ்லிம் விவாக, விவாகரத்துச் சட்டத்தின் 16ஆம் பிரிவு. எனவே, நிக்காஹ் முறைப்படி நடந்ததா, வலியாகவும் சாட்சியாகவும் நின்றோர் யாவர் என்பன சாட்சியால் விளக்கப்படலாம். கண்டியர் விவாகத்தில் மாறாகப் பதிவேடே தலைசிறந்த சான்று; தீகமோ பின்னமோ என்பதை அது கூறாதுவிட்டால், மாறானது காட்டப்படும்வரை தீகம் என்றே கொள்ளப்படும். எழுதாது விட்ட ஒரு சொல்லும் ஒரு பெண்ணின் முதுசத்தைப் பறிக்கக்கூடும்.

விவாகம் நிறுவப்பட்டபின், விவாக காலத்திற் பிறந்த பிள்ளை கணவனின் பிள்ளையே என்பதைச் சாட்சியக் கட்டளைச் சட்டத்தின் 112ஆம் பிரிவு முடிந்த முடிபாகக் கொள்கின்றது. விவாகம் முடிவுற்ற பின் 280 நாளுள், தாய் மறுமணம் செய்யாதிருக்கையிற் பிறந்த பிள்ளைக்கும் இது பொருந்தும். கருவுற்றிருக்கக்கூடிய காலத்தில் கணவனுக்கும் மனைவிக்கும் கூட்டுறவுக்கு இடமே இருக்கவில்லை என்றோ, கணவன் ஆண்மையற்றவன் என்றோ காட்டினாலன்றி அதனை அசைத்தல் இயலாது. இவ்விதி எழுதப்பட்ட காலத்தில் மரபணுச் சோதனை இல்லை. இன்று தந்தைமையை அச்சோதனை ஏறத்தாழ ஐயமற அறிவித்துவிடும். ஆயினும் முதுச வழக்கிலே அதற்கும் எல்லை உண்டு. ஆண்வழி நிறமூர்த்தம் தந்தையிலிருந்து மகனுக்குப் பெரிதும் மாறாது செல்வதால், நம் பேரனையும் மூத்தவனின் ஆண்வழிப் பேரனையும் ஒப்பிட்டு இருவரும் ஒரே ஆண்வழியினர் எனக் காட்டலாம். ஆனால், அவன் இளையமகனின் மகனா, அன்றி அவ்வழியில் வந்த வேறொருவரின் மகனா என்பதை அஃது ஒன்றே தீர்த்துச் சொல்லாது. விவாகத்தையோ சுவீகாரத்தையோ அது சொல்லவே மாட்டாது. மேலும், 2021இல் ஒரு சொத்து வழக்கிலே, மகன் என்று உரிமை கோரியவர் ஆவணச் சான்று தர ஆயத்தமாயிருக்கையில், அவர் விருப்பத்துக்கு மாறாகச் சோதனைக்கு உட்படுத்தலாகாது என இந்திய உச்ச நீதிமன்றம் கூறியது. வாழ்நாள் முழுவதும் மகனாக வாழ்ந்த ஒருவரை, பங்குக்காக ஒரு துளி இரத்தத்தால் அளப்பதற்கு நீதி தயங்குவது நியாயமே.

“சந்ததியின்றி இறந்தார்”

இறுதியாக, எதிர்த்தரப்பார் எழுதிய அந்த ஒரு வரியை நோக்குவோம். ஒருவர் இறந்தார் என்பதற்கு அத்தாட்சி கேட்பவர்கள், அவருக்குச் சந்ததி இல்லை என்பதற்குப் பெரும்பாலும் சான்று கேட்பதில்லை. பட்டியலிலே ஒரு கிளையை வெட்டுவது ஒரு பெயரை எழுதுவதினும் எளிதாகிவிட்டது.

இதனை நம் நீதிபதிகள் அறியாதிருக்கவில்லை. ‘குரே எதிர் விஜேசூரிய’ என்னும் 1958ஆம் ஆண்டுப் பாகப்பிரிவினை வழக்கிலே நீதியரசர் சின்னத்தம்பி இவ்வழக்கத்தைக் கண்டித்தார். நூறாண்டுக்கு மேற்பட்ட உரிமை வரலாற்றை ஒரு சாட்சி தன் சொந்த அறிவாற் சொல்வதுபோல வந்து சொல்வதும், ஒருவரும் மறுக்காமையால் அது ஏற்கப்பட்டுவிடுவதும் முறையன்று. ஒவ்வொருவர் உரிமையையும் கவனமாக ஆராயும் கடமை நீதிமன்றத்தின் மேல் உளது. செவிவழிச் செய்தியாயின் அது சட்டம் அனுமதித்த விதிவிலக்குகளுள் அடங்க வேண்டும் என்பன அத்தீர்ப்பின் சாரம். கட்சிக்காரர் யாவரும் உடன்பட்டாலும் நீதிபதி உடனே உடன்படலாகாது. ஏனெனில், உடன்படாத ஒருவர் அச்சபையில் இல்லாமல் இருக்கலாம். வழக்கறிஞராக வர விரும்பும் மாணவர் இத்தீர்ப்பின் கருத்தை நெஞ்சிற் பதித்தல் நன்று. கட்சிக்காரர் கொண்டுவரும் பட்டியலில் முடிந்துபோன கிளைகளைக் கண்டால், “இவர் எங்கே இறந்தார்? யார் அடக்கம் செய்தார்? மனைவி இருந்தாரா?” என்று கேட்பது அவர்தம் முதற்கடமை.

வீட்டுக்கொரு சந்ததி ஏடு

மேற்கூறியவற்றிலிருந்து பெறப்படும் உண்மை ஒன்றே: உறவுக்குரிய நற்சான்று அமைதிக் காலத்தில் விளைகின்றது, வழக்குக் காலத்தில் அதனை அறுவடை செய்யலாமேயன்றி விதைத்தல் இயலாது. ஆதலால், ஒவ்வொரு வீட்டிலும் மூத்தோர் உயிரோடும் நினைவோடும் இருக்கும்போதே ஒரு சந்ததி ஏட்டை எழுதிவைத்தல் வேண்டும். பாட்டன் பாட்டியரின் முழுப்பெயர், வழங்கிய வேறு பெயர்கள், பிறந்த ஊர், மணமுடித்த இடமும் காலமும், பிள்ளைகள் அனைவரும், இறந்த இளங்குழந்தைகள் உட்பட, அதில் இடம்பெறல் வேண்டும். பிறதேசம் சென்ற கிளையை விட்டுவிடாது விலாசத்தோடு எழுதுதல் வேண்டும். சொல்பவர் பெயரும் கையொப்பமும் திகதியும் இடப்படல் வேண்டும். தோட்டத்து ஏடுகள், பிரசாவுரிமைப் பத்திரங்கள், பழைய உறுதிகள் ஆகியவற்றைக் கறையானுக்கு இரையாக்காது, உரியவர் கையிலேயே பேணுதல் வேண்டும்; 30 ஆண்டு கடந்த பத்திரம் உரிய இடத்திலிருந்து வெளிவருமாயின், கையெழுத்தைத் தனியே நிரூபிக்காமலே நீதிமன்றம் அதன் மெய்ம்மையை அனுமானிக்கலாம் என்பது 90ஆம் பிரிவு. பிள்ளையைச் சுவீகாரம் செய்தோர் ஊரறியச் செய்தோம் என்று அமைதி கொள்ளாது, சட்டம் விதித்தவாறு எழுத்தில் முடித்தல் வேண்டும். 1938ஆம் ஆண்டுச் சட்டத்தின்பின், கண்டியர் சுவீகாரமும் வழியுரிமைக்கு நொத்தாரிசு முன் எழுதிய சாசனத்தையே வேண்டிநிற்கின்றது.

சங்கங்கள் இத்துறையில் செய்யத்தக்க பணியும் உண்டு. பழைய மாணவர் பலர் வழக்கறிஞராயும், நொத்தாரிசாயும், பதிவாளராயும், நில அளவையாளராயும் கடமைபுரிந்துள்ளனர். விடுமுறை நாளொன்றிலே மாணவரை அழைத்து, தத்தம் குடும்பத்துச் சந்ததி ஏட்டை எழுதப் பழக்கினால், சட்டப்பாடமும் வரலாற்றுப்பாடமும் ஒருங்கே அமையும். மாணவர் அவ்வேட்டோடு மூத்தோரை அணுகிக் கேட்கும்போது, மறக்கப்பட்ட ஒரு சிற்றப்பனின் பெயர் வெளிவரும். அவர் வழியில் வந்தோர் எங்கோ வாழ்வது தெரியவரும். நிலத்தின் பங்கு அவர்களுக்குச் சேருவது சட்டத்தின் நீதி. அவர்கள் பெயர் பட்டியலில் வெட்டப்படாது நிற்பது குடும்பத்தின் நீதி. பின்னையதைக் காப்பவர் முன்னையதற்காக நீதிமன்ற வாசல் மிதிக்க வேண்டிய தேவை பெரும்பாலும் எழாது.